அன்ஃபிட் ஆன மனிதரும் மாப்புக் கொடுத்த ஊரும்

எங்கள் ஊரில் யாராவது தனக்கு இங்கிலிஸ் தெரியாது என்று சொன்னால் நான் நம்புவதில்லை. கற்பிட்டிக்குப் போகிற வழியில், ஒரு பக்கம் களப்பு நீரும் மறுபக்கம் கடலுமாக நீண்டு கிடக்கிற ஊர் அது. அங்குள்ள பாடசாலையில் நான் ஆங்கில டீச்சர். எட்டாம் தரத்துக்கு வருடா வருடம் ஒரு பாடம் வரும். ‘அன்’ என்பதைச் சில சொற்களின் முன்னால் ஒட்டினால் பொருள் தலைகீழாகிவிடும் என்பதுதான் பாடம். பாடப்புத்தகத்து உதாரணங்கள் மிகவும் மரியாதையானவை. ஹெப்பி, அன்ஹெப்பி. கைண்ட், அன்கைண்ட். லக்கி, அன்லக்கி. அதை எழுதியவர்கள் நல்ல மனிதர்களாகத்தான் இருக்க வேண்டும், ஆனால் எங்கள் பக்கம் வந்து பார்த்தவர்கள் இல்லை.

“வேற சொல்லுத் தெரிஞ்சவங்க சொல்லுங்க” என்று கேட்டால் போதும், வகுப்பு முழுக்கக் கை தூக்கும். முதலில் வருவது அன்லிமிட்டட். அது போனுக்குப் போடும் டேட்டா. எப்படியும் மாதம் முடியும் முன் முடிந்துவிடும் என்பது எல்லாருக்கும் தெரியும். பிறகு அன்லொக், அன்ஃபொலோ. வெங்காயத் தோட்டக்காரர்களின் பிள்ளைகள் அன்லோட் என்பார்கள். சிலாபத்தில் ரயில் ஏறிக் கொழும்புக்குப் போய் வந்த ஒருவன் அன்ரிசேர்வ்ட் என்றான். கருத்து என்னவென்று கேட்டேன். “நிண்டுகொண்டு போறது, டீச்சர்” என்றான். அதைவிடச் சரியான விளக்கத்தை நான் எந்த அகராதியிலும் பார்த்ததில்லை.

மற்றவையெல்லாம் வெளிநாட்டுக்கு ஆள் அனுப்பும் ஏஜென்சிகளில் இருந்து வந்த சொற்கள். அன்மேரிட், அன்ஸ்கில்ட், அன்ஃபிட். ஒரு முறை முன்வரிசைப் பிள்ளை ஒருத்தி எழுந்து நின்று, “எங்கட வாப்பா டுபாய்ல அன்ஸ்கில்ட், டீச்சர்” என்றாள். அவள் முகத்தில் இருந்த பெருமையைப் பார்த்தபோது அது ஒரு பதவி இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. “நல்லம், உட்காருங்க” என்றேன். புத்தகத்தில் இருக்கும் அன்ஹெப்பியை வைத்து வாக்கியம் அமைக்கச் சொன்னால் மட்டும் எல்லாரும் ஒரே வாக்கியத்தைத்தான் எழுதுவார்கள்: டீச்சர் இஸ் அன்ஹெப்பி. அதில் பிழை பிடிக்க எனக்கு ஒருபோதும் இடம் கிடைத்ததில்லை.

‘அன்’னில் இரண்டு வகை என்று நான் சொல்லிக் கொடுப்பேன். ஒன்று, வெறுமனே இல்லை என்பது. மற்றது, செய்த காரியத்தைத் திரும்ப இல்லாமல் ஆக்குவது. பூட்டியதைத் திறப்பது, ஏற்றியதை இறக்குவது, கட்டியதை அவிழ்ப்பது எல்லாம் இந்த வகை. வெள்ளைக்காரன் அவசரக்காரன், இல்லை என்பதைச் சொல்லின் வாசலிலேயே சொல்லிவிடுகிறான். நாங்கள் அப்படி இல்லை. ‘போக’ என்று ஒருவர் தொடங்கினால், அது வேண்டுமா மாட்டேனா என்பது கடைசியில்தான் தெரியும். அதற்குள் கேட்டுக்கொண்டிருப்பவர் எழுந்து போயிருக்கவும் கூடும். முன்னால் மறுப்பு வரும் சொற்கள் எங்களிடமும் இல்லாமல் இல்லை. அநியாயம் இருக்கிறதே. நியாயத்தைவிட அநியாயத்தைத்தான் எங்கள் வீட்டில் அதிகம் பாவிக்கிறோம்.

இதையெல்லாம் கரும்பலகையில் எழுதி விளங்கப்படுத்துகிற நான், இல்லை என்று சொல்ல வேண்டிய நேரத்தில் என் வீட்டில் என்ன சொன்னேன் என்பதுதான் கதை.

என் கணவர் லொறிச் சாரதி. மீன் முதலாளி ஒருவரின் கூலர் லொறியைப் பல வருடங்களாக ஓட்டினார். டீசலுக்கு நாடே வரிசையில் நின்ற அந்தக் காலத்தில் முதலாளி லொறியை விற்றுவிட்டார். அதற்குப் பிறகு, ஆலங்குடாவுக்குப் பட்டம் கட்டிக் கடலில் சறுக்க வரும் வெள்ளைக்காரர்களுக்கு வான் வண்டி ஓட்டினார். காற்று இருக்கும் மாதங்களில் அந்த வேலை இருக்கும். காற்று விழுந்தால் வேலையும் விழும். அப்போது முற்றத்தில் மோட்டார் சைக்கிளை நிறுத்தி, கழுவிய வண்டியையே திரும்பத் திரும்பக் கழுவிக்கொண்டிருப்பார். ஒரு நாள் மஃரிப் தொழுகைக்குப் பிறகு, நான் வெங்காயம் அரிந்துகொண்டிருந்தபோது, குசினிக் கதவோரம் வந்து நின்றார்.

“கட்டாருக்குப் போனா என்ன எண்டு யோசிக்கிறேன்” என்றார்.

“உங்கட விருப்பம்” என்றேன்.

எங்கள் பக்கத்துப் பெண்கள் இந்த இரண்டு சொற்களைச் சொன்னால் ‘வேண்டவே வேண்டாம்’ என்று பொருள். எல்லாப் பெண்களுக்கும் அது தெரியும். வேறு என்னதான் நான் சொல்வது? மாதா மாதம் சம்பளம் எடுப்பவள் நான். வேண்டாம் என்றால், நான் உழைக்கிறேன், நீங்கள் சும்மா இருங்கள் என்று குத்திக்காட்டியதாகிவிடும். போங்கள் என்று சொல்லவோ எனக்கு வாய் வராது. எனக்கு அவர் போகக்கூடாது. குறட்டை விடுகிறவர்தான், ஈரத் துவாயைக் கதிரையில் போடுகிறவர்தான், கோபம் வந்தால் இரண்டு நாள் பேசாமல் இருக்கிறவர்தான். என்றாலும் அவர் பக்கத்தில் இருந்துதான் பேசாமல் இருக்க வேண்டும். எங்கள் ஒழுங்கையில் பல வீடுகளில் சாப்பிடும்போது தண்ணீர்ப் போத்தலில் ஒரு போன் சாய்ந்து நிற்கும். அதற்குள் இருந்து ஒரு மனிதர் “இண்டைக்கு என்ன கறி?” என்று கேட்பார். அந்த மாதிரிச் சோறு எனக்கு இறங்காது.

ஆனால் உங்கட விருப்பம் என்று சொல்லியாயிற்று. அவர் ஏஜென்சிக்குப் போனார், கொழும்புக்குப் போய் மெடிக்கலும் எடுத்தார். நெஞ்சைப் படம் பிடித்தார்கள், இரத்தம் எடுத்தார்கள். முடிவு பிறகு வரும் என்றார்கள். நான் பாடசாலையில் ‘அன்’ படிப்பித்துக்கொண்டிருந்தேன்.

எங்கள் ஊரில் தூரப் பயணம் போகிறவர் சும்மா போய்விட முடியாது. வீடு வீடாகப் போய்ப் பயணம் சொல்ல வேண்டும். பயணம் சொல்வது என்றால், ஸலாம் சொல்லி, கதிரையின் நுனியில் உட்கார்ந்து, தேத்தண்ணி குடித்து, எழும்பும் நேரத்தில் மாப்பு, அதாவது மன்னிப்பு, கேட்பது. “தெரிஞ்சோ தெரியாமலோ நான் ஏதும் செஞ்சிருந்தா அல்லாஹ்வுக்காக மாப்புத் தாங்க” என்று கேட்க வேண்டும். “தந்தேன், நீங்களும் தாங்க” என்று வீட்டுக்காரர் சொல்ல வேண்டும். ஒரே ஒருவர் மனதில் வைத்துக்கொண்டு மாப்புத் தராமல் விட்டாலும் அந்தப் பயணம் போகக்கூடாது என்று வைத்திருக்கிறோம். அதனால் புத்தியுள்ளவர்கள் முதலில் தமக்கு ஆகாதவர்களின் வீட்டுக்குத்தான் போவார்கள்.

மெடிக்கல் முடிவு வந்த பிறகு பயணம் சொல்வதுதான் முறை. ஆனால் எங்கள் ஊரில் ஒருவர், டிக்கெட் திடீரென்று வந்ததால், யாருக்கும் சொல்லாமல் விமானம் ஏறிவிட்டார். அவர் திரும்பி வந்து, மாடி வீடு கட்டி, மகளையும் கட்டிக்கொடுத்து, தாடியும் நரைத்த பிறகும் அவருக்குப் பெயர் ‘சொல்லாமப் போனவர்’தான். என் கணவர் அந்தப் பட்டப்பெயருக்குப் பயந்தார். “எந்த நேரமும் டிக்கெட் விழலாம், ரெடியா இருங்க” என்று ஏஜென்சிக்காரர் போனில் சொன்னதும், குளித்து, வெள்ளைச் சாரன் உடுத்து, அத்தர் பூசிக்கொண்டு புறப்பட்டுவிட்டார்.

“மெடிக்கல் இன்னும் வரல்லயே” என்றேன்.

“எனக்கென்ன வருத்தம்? காய்ச்சல் வந்தே கன காலம்” என்றார்.

முதல் வீடு அவருடைய நானாவின் வீடு. அடுத்த வளவுதான். இரண்டு வளவுக்கும் நடு வேலியில் நின்ற ஒரு தென்னை மரத்தால் அண்ணனும் தம்பியும் பல வருடம் கதையில்லாமல் இருந்தார்கள். பெருநாளில் ஒரே பள்ளிவாசலில் தொழுது, ஆளுக்கொரு வாசலால் வெளியே வருவார்கள். நானும் கூடப் போனேன். இவர் மாப்புக் கேட்டு முடிக்கவில்லை, நானா எழும்பி வந்து கட்டிப்பிடித்துக்கொண்டார். இரண்டு பேரும் அழுதார்கள். நானா அழுது நான் பார்த்தது அன்றுதான். செய்தி கேட்ட என் மாமி, அதாவது இவர்கள் இருவரையும் பெற்றவர், தொழுகைப் பாயில் உட்கார்ந்து கட்டார் நாட்டுக்கே துஆக் கேட்டார். மகன்மாரைச் சேர்த்துவைத்த நாடு அல்லவா.

பிறகு ஊர் முழுக்க இதேதான் நடந்தது. எல்லாரும் மாப்புக் கொடுத்தார்கள், அத்துடன் பார்சலும் கொடுத்தார்கள். கட்டாரில் மகன் இருக்கிறவர்கள், மருமகன் இருக்கிறவர்கள் பொரித்த இறாலும், மாசிச் சம்பலும், கருவாடும், தொதலும் கட்டிக்கொண்டு வந்தார்கள். எங்கள் வீட்டு மண்டபம் பெருநாளுக்கு முந்திய கடைத்தெரு போல் ஆனது. பூனைகள் வாசலை விட்டு அசையவில்லை.

அந்த நிலையில்தான் முடிவு வந்தது. நான் பாடசாலையால் வந்து செருப்பைக் கழற்றும்போது போனை நீட்டினார். “இதெ ஒருக்கா வாசி” என்றார். வாசிக்க ஒன்றும் இல்லை. திரையில் சிவப்பு நிறத்தில் ஒரே ஒரு சொல்தான் இருந்தது, அதை எங்கள் ஊரில் மூன்று வயதுப் பிள்ளையும் வாசிக்கும். அன்ஃபிட்.

துக்கத்துக்குச் சொல்லும் “இன்னாலில்லாஹ்”வை வாயால் சொன்னேன். மனதுக்குள் சொன்னது நன்றிக்குச் சொல்லும் “அல்ஹம்துலில்லாஹ்”. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்ல முடியும் என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன். எனக்கு அவ்வளவு சந்தோஷம். அதை மறைக்க உடனே குசினிக்குள் போய், தேவையில்லாமல் ஒரு பானையைக் கழுவினேன்.

அவர் பின்னாலேயே வந்தார். “நீ டீச்சர்தானே. இதுக்கு வேற கருத்து ஒண்டும் இல்லையா?” என்று கேட்டார்.

“இல்ல” என்றேன்.

படத்தில் நெஞ்சுக்குள் ஒரு பழைய தழும்பு இருந்ததாம். சின்ன வயதில் எப்போதோ வந்து, மருந்தில்லாமலே மாறிப்போன ஏதோ ஒன்றின் அடையாளம். புத்தளத்தில் ஒரு டாக்டரிடம் கூட்டிப் போனேன். அவர் படத்தைப் பார்த்து, ஒரு வருத்தமும் இல்லை, இது காய்ந்துபோன தழும்பு, மூட்டை தூக்கினாலும் ஒன்றும் ஆகாது என்றார். மூட்டை தூக்கலாம், லொறி ஓட்டலாம், பிள்ளையைத் தோளில் வைத்துக்கொண்டு கடலுக்குள் இறங்கலாம், ஆனாலும் அன்ஃபிட். மாமிக்கு இதை விளங்கப்படுத்துவது எட்டாம் தரத்துக்கு விளங்கப்படுத்துவதைவிடக் கஷ்டமாக இருந்தது.

“அன்ஃபிட் எண்டா என்ன வருத்தம், மகள்?”

“வருத்தம் இல்ல, மாமி. பொருத்தமில்ல எண்டு சொல்றது.”

“என்ட மகன் எதுக்குப் பொருத்தமில்லயாம்?”

“கட்டாருக்கு.”

மாமி முக்காட்டு நுனியால் முகத்தைத் துடைத்தார். “அந்த வெயிலுக்கு ஆருதான் பொருத்தம்” என்றார். பாடப்புத்தகம் எழுதுகிறவர்கள் மாமியைக் கேட்டிருக்கலாம்.

பிரச்சினை வருத்தத்தில் இல்லை. பயணம் சொல்லிவிட்ட மனிதர் ஊரில் இருக்கிறார் என்பதுதான் பிரச்சினை. இவர் வீட்டை விட்டு வெளியே போக மறுத்தார். முற்றத்துக்குக்கூட வரவில்லை, மோட்டார் சைக்கிளில் தூசி படிந்தது. வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் போகாமலும் இருக்க முடியாது, ஊர்ப் பள்ளிக்கும் போக முடியாது. அதனால் ஹெல்மட்டின் கண்ணாடியை இறக்கிவிட்டு, கற்பிட்டிக்குப் போய்த் தொழுதுவிட்டு, அதே ஹெல்மட்டோடு திரும்பி வந்தார். எங்கள் ஊரில் ஹெல்மட் போட்டால்தான் யாரென்று திரும்பிப் பார்ப்பார்கள் என்பதை அவர் யோசிக்கவில்லை.

கட்டிய சூட்கேஸை நான் அவிழ்த்தேன், அது சுலபமாக இருந்தது. சொன்ன பயணத்தை எப்படி அவிழ்ப்பது? அழுது கட்டிப்பிடித்துக் கொடுத்த மாப்பை எப்படித் திரும்ப எடுப்பது? அதற்கு ‘அன்’ போட்ட சொல் ஏதும் இருக்கிறதா என்று பாடசாலை நூலகத்து அகராதியில் உண்மையாகவே தேடினேன். கிடைக்கவில்லை. வெள்ளைக்காரனும் அதைச் செய்து பார்த்ததில்லைபோல.

பார்சல் கொடுத்தவர்கள் ஒவ்வொருவராக வந்ததில் விஷயம் ஊருக்குத் தெரிந்தது. எங்கள் ஊர் மனிதர்கள் நல்லவர்கள் என்பதை இந்த இடத்தில் நான் சொல்லியே ஆக வேண்டும். ஒருவர்கூடச் சிரிக்கவில்லை, ஒருவர்கூடக் கிண்டல் செய்யவில்லை. எல்லாரும் அவருக்கு ஆறுதல் சொன்னார்கள், பார்சலைத் தூக்கிக்கொண்டார்கள், போகும்போது ஒரே கேள்வியைக் கேட்டார்கள்: “அப்ப வேற நாடு?” பயணம் சொன்ன மனிதர் பயணம் போக வேண்டும். கட்டார் இல்லையென்றால் உலகத்தில் வேறு நாடு இல்லையா? ஆளாளுக்கு விசாரிக்கத் தொடங்கினார்கள். அவரை ஊரை விட்டு அனுப்ப இவ்வளவு பேர் இவ்வளவு அன்போடு பாடுபட்டதை நான் அதற்கு முன் கண்டதில்லை.

எல்லாரையும்விட அதிகம் பாடுபட்டவர் நானா. பல வருடம் கதைக்காத மனிதர், இப்போது காலையிலும் பின்னேரமும் வந்தார். வேலியில் தென்னை மரம் அப்படியே நின்றது, அதைப் பற்றி ஒரு சொல் இல்லை. தம்பி முன்னாலேயே நின்றுகொண்டிருந்தால் ஒரு நாள் அந்த மரத்தின் கதை வாயில் வந்துவிடும் என்று அவருக்கும் உள்ளுக்குள் பயம் இருந்திருக்கலாம். கடைசியில் நானாதான் நாட்டைக் கண்டுபிடித்தார்.

“தம்பி, மாலைதீவுல என்ட கூட்டாளி ஒருத்தன் இரிக்கிறான்” என்றார். “ஹோட்டல் சாமான் ஏத்தி இறக்கிற இடத்துல வேல. அங்க நெஞ்சுப் படம் எல்லாம் பெருசாப் பாக்கிறதில்லயாம்.”

இவர் என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன். இந்த முறை உங்கட விருப்பம் என்றுகூட நான் சொல்லவில்லை. நானாவின் முன்னால், அவர் கொண்டுவந்த நல்ல காரியத்தின் முன்னால், தம்பியின் மேல் விழுந்த அன்ஃபிட் என்ற சொல்லைத் தன் கையாலேயே அழித்துவிட்டு நிற்கிற அந்த அண்ணனின் முன்னால், என்ன சொல்வது? டிக்கெட் வந்தது. பயணம் ஒருக்காச் சொன்னது போதும், திரும்பச் சொல்லத் தேவையில்லை என்று பெரியவர்கள் தீர்ப்புச் சொன்னார்கள். மாசிக் கருவாடு விளையும் அந்த நாட்டுக்கே மாசிச் சம்பல் இடித்துக் கொடுத்தார் மாமி. நான் சூட்கேஸைத் திரும்பக் கட்டினேன்.

புறப்படும் நாள், அஸர் தொழுதுவிட்டு வந்தார். வாசலில் நானா வானைக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார். மாமி அழுது முடித்திருந்தார். எங்கள் பிள்ளைகள் வாப்பாவைக் கொஞ்சிவிட்டு வானுக்குள் ஏறி விளையாடிக்கொண்டிருந்தார்கள். ஊரில் மாப்புக் கேட்கப்படாமல் மிஞ்சியிருந்தது நான் ஒருத்திதான். பெண்சாதியிடம் கடைசியாகக் கேட்பதுதான் வழக்கம். அதைக் கேட்கிறவரும் கொடுக்கிறவளும் ஒரு சடங்காகத்தான் செய்வார்கள். அவர் குசினிக்குள் வந்து என் முன்னால் நின்றார்.

“நீயும் மாப்புத் தா, புள்ள.”

“தரமாட்டேன்” என்றேன்.

அவர் சிரித்தார். “வெளாடாத. வான் நிக்குது.”

“நிக்கட்டும். நான் மாப்புத் தரமாட்டேன்.”

சிரிப்பு நின்றது. எங்கள் ஊர் வழக்கம் என்னைவிட அவருக்கு நன்றாகத் தெரியும். “அப்பிடி நான் என்ன செஞ்சேன் ஒனக்கு?”

“போகப் போறீங்க. அதுதான் செஞ்சது.”

“நீதானே உங்கட விருப்பம் எண்டு சொன்ன?”

“அப்பிடிச் சொன்னா வேணாம் எண்டுதான் கருத்து.”

“இதெ நான் எந்தப் புத்தகத்துல போய்ப் பாக்கிறது?” என்றார். குரலில் கோபம் இருந்தது. எனக்கும் கோபம்தான். கோபத்தில்தான் அதைச் சொன்னேன் என்று நினைக்கிறேன், சாதாரணமாக அப்படிச் சொற்கள் எங்கள் வீட்டில் பாவனையில் இல்லை.

“நீங்க இல்லாம எனக்கு ஏலாது” என்றேன். “நீங்க உழைக்காட்டியும் பரவாயில்ல. வண்டியக் கழுவிக்கொண்டு முத்தத்துல நில்லுங்க. எனக்கு நீங்க இஞ்ச இரிக்கோணும்.”

அவர் திரும்பினார். வாசலுக்குப் போனார். நானாவிடம் என்ன சொன்னாரோ தெரியாது, குசினி யன்னலால் பார்த்தபோது நானா தலையில் கை வைத்துக்கொண்டு வானில் சாய்ந்து நின்றார். பிள்ளைகளை இறக்கிவிட்டு வான் போனது. இவர் சூட்கேஸைத் தூக்கிக்கொண்டு திரும்பி வந்து, அதை நடு மண்டபத்தில் வைத்துவிட்டு, குசினியில் இருந்த சின்னக் கதிரையில் உட்கார்ந்தார். நான் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன். பாதி குடித்த பிறகு சொன்னார்.

“எனக்கும் போக விருப்பம் இரிக்கல்ல.”

எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்தக் கோப்பையைப் பறிக்க வேண்டும் போல் இருந்தது. “பிறகென்னத்துக்கு அத்தர் பூசிக்கொண்டு வீடு வீடாப் போனீங்க?”

“ஒருத்தராவது போகாத எண்டு சொல்லுவாங்க எண்டு பாத்தேன்” என்றார். “நானாவும் அழுதாரு. ஒன்ட உம்மா வீட்டுல, பள்ளிவாசல் தெருவுல, எல்லா வீட்டுலயும் அதுக்குத்தான் கொஞ்ச நேரம் கூடுதலாக் குந்திக்கொண்டு இருந்தேன். எல்லாரும் மாப்புத் தந்தாங்க.”